முதல் இசைத்தட்டு: ராக் பேண்டுகளின் கேள்விகளும் பதில்களும்

முதல் ரெக்கார்டுக்குத் தயாராகும் பேண்டுகளிடமிருந்து வந்த கேள்விகளை இந்த இதழில் ஒன்றாகச் சேர்த்திருக்கிறோம். ஒரே விஷயத்தைப் பலர் கேட்டிருந்தால் ஒரு கேள்வியாக இணைத்துவிட்டோம். "மொத்தம் எவ்வளவு ஆகும்?" என்று கேட்டவர்களுக்கு: ஸ்டூடியோ வாடகை ஊருக்கு ஊர் மாறுகிறது. அதனால் கணக்கை மணி நேரத்தில் சொல்கிறோம். உங்கள் ஊர் வாடகையால் நீங்களே பெருக்கிக்கொள்ளுங்கள்.

எங்களிடம் ஒன்பது பாட்டு இருக்கிறது. ஸ்டூடியோவில் இரண்டு நாள் எடுக்கத்தான் காசு. ஒன்பதையும் முடித்துவிடலாமா?
— கிடாரிஸ்ட், கோவை

முடித்துவிடலாம். பிறகு அதைக் கேட்பதுதான் கஷ்டம். நான்கு பாட்டு எடுங்கள்.

இரண்டு நாள் என்றால் உருப்படியாக 20 மணி நேரம். டிரம்ஸைப் பூட்டி, மைக் வைத்து, சத்தத்தைச் சரிசெய்யவே 4 மணி போய்விடும். டிரம்ஸும் பேஸும் சேர்த்துப் பாட்டுக்கு ஒன்றரை மணி, ஆக 6 மணி. முதல் நாள் அதோடு சரி. மறுநாள் கிடாருக்குப் பாட்டுக்கு 1 மணி, குரலுக்கு 1 மணி, ஆக 8 மணி. மீதி 2 மணி நேரம், "அந்த இரண்டாவது சரணத்தில் பேஸ் தப்பு" என்று யாராவது கண்டுபிடிப்பார்களே, அதற்கு. தனித்தனியாக எடுத்த ஒலிகளைக் கலந்து சமன்செய்யும் மிக்ஸிங் இந்தக் கணக்கில் சேராது. அதற்குப் பாட்டுக்கு அரை நாளாவது தனியாக வேண்டும்.

பீட்டில்ஸ் ஒரே நாளில் பத்துப் பாட்டு எடுக்கவில்லையா என்பீர்கள். 1963 பிப்ரவரி 11 அன்று எடுத்தார்கள்தான். ஆனால் ஹாம்பர்க், லிவர்பூல் கிளப்புகளில் இரவிரவாக வாசித்து ஊறியவர்கள் அவர்கள். அந்த நாளிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது வேறொன்று: தொண்டையைக் கிழிக்கும் 'ட்விஸ்ட் அண்ட் ஷவுட்' பாட்டைக் கடைசிக்கு ஒதுக்கி வைத்தார்கள். ஜான் லெனனுக்கு அன்று சளி வேறு. அதை முதலில் பாடியிருந்தால் மற்ற பாட்டுகளுக்குக் குரல் மிஞ்சியிருக்காது. உங்கள் பட்டியலிலும் கத்திப் பாடும் பாட்டு கடைசியில்தான் வர வேண்டும்.

உங்களுக்குப் பொருந்தும் உதாரணம் மான்செஸ்டரின் பஸ்காக்ஸ். 1976 டிசம்பரில் நான்கே பாட்டைப் பதிவு செய்து, கடன் வாங்கிய 500 பவுண்டில் 1000 தட்டு அச்சடித்து, 1977 ஜனவரியில் நியூ ஹார்மோன்ஸ் என்ற சொந்த லேபிளில் வெளியிட்டார்கள். ஒவ்வொரு பாட்டும் எத்தனையாவது டேக் (எத்தனையாவது முறை வாசித்துப் பதிவு செய்தது) என்பதைக்கூட உறையிலேயே அச்சிட்டிருந்தார்கள்.

எந்த நான்கு என்பதற்கு வாக்கெடுப்பு வேண்டாம். ஜாம் ரூமில் ஒன்பதையும் வாசித்து செல்போனில் பதிவு செய்யுங்கள். நிற்காமல் மூன்று முறை அடுத்தடுத்து வாசிக்க முடியாத பாட்டு ஸ்டூடியோவுக்குத் தயாராகவில்லை. இந்தச் சோதனையிலேயே பாதி கழிந்துவிடும்.

எங்கள் டிரம்மர் கிளிக் (ஹெட்ஃபோனில் வேகத்தைக் காட்டும் தாளச் சத்தம்) போட்டால் தடுமாறுகிறார். கிளிக் இல்லாமலே எடுத்தால் என்ன?
— பாடகி, மதுரை

எடுக்கலாம், பாவமில்லை. பிளாக் சப்பாத் தங்கள் முதல் ஆல்பத்தை 1969 அக்டோபரில் லண்டனில் ஒரே நாளில், மேடையில் வாசிப்பதுபோலவே வாசித்துப் பதிவு செய்தார்கள். ஆனால் அப்படி எடுத்தால் மூன்றாம் டேக்கின் பல்லவியை வெட்டி ஐந்தாம் டேக்கில் ஒட்டுவது கஷ்டம், வேகம் ஒன்றுக்கொன்று பொருந்தாது. முழுப் பாட்டையும் ஒரே மூச்சில் நன்றாக வாசிக்கும் பேண்டுக்குத்தான் அந்த வழி.

டிரம்மரைக் குற்றம் சொல்வதற்கு முன் கிளிக்கைப் பாருங்கள். பெரும்பாலும் கோளாறு அங்கேதான் இருக்கும். நீங்கள் கிளிக் இல்லாமல் வாசித்த பதிவை எடுத்து, சரணத்துக்கும் பல்லவிக்கும் தனித்தனியாக வேகத்தை அளந்து பாருங்கள். சரணம் நிமிடத்துக்கு 118 அடி, பல்லவி 122 என்று வந்தால் அதுதான் அந்தப் பாட்டின் இயல்பு. பாட்டு முழுவதற்கும் 120 என்று ஒரே எண்ணைப் போட்டால் சரணம் ஓடும், பல்லவி இழுக்கும், பழி டிரம்மர் தலையில் விழும். பெரும்பாலான ரெக்கார்டிங் மென்பொருள்களில் வேகத்தை இடத்துக்கு இடம் மாற்றும் டெம்போ ட்ராக் உண்டு. பல்லவிக்கு ஒரு பார் (ஒரு தாளச் சுற்று) முன்னால் 122 ஆக ஏற்றிவிடுங்கள்.

அடுத்தது சத்தம். 'பீப் பீப்' என்ற ஓசை ஸ்னேர் டிரம்மின் சத்தத்தில் அமுங்கிப்போகும், அதற்காக வால்யூமைக் கூட்டுவார், காது வலிக்கும். அதற்குப் பதில் ஷேக்கர் ஒலியை எட்டாம் கால அளவில், அதாவது அடிக்கு இரண்டாக, ஓட விடுங்கள். நிமிடத்துக்கு 80 அடிக்குக் கீழே உள்ள மெதுவான பாட்டுக்கு இந்த உட்பிரிவு கட்டாயம், இரண்டு அடிகளுக்கு நடுவில் அவ்வளவு வெற்றிடம் இருக்கும். ஏழு எண்ணிக்கையில் ரிஃப் (திரும்பத் திரும்ப வரும் கிடார் வரி) போட்டிருந்தால் மிஸ்ர சாப்பு மாதிரி 3+4 என்று அழுத்தம் வைத்துக் கிளிக் அமையுங்கள். ஏழும் ஒரே மாதிரி அடித்தால் 'ஒன்று' எங்கே என்று யாருக்கும் தெரியாது.

இரண்டு வாரப் பயிற்சி: நான்கு பார் கிளிக், நான்கு பார் மௌனம், மறுபடி நான்கு பார் கிளிக். மௌனம் முடிந்து கிளிக் திரும்பும்போது எவ்வளவு விலகியிருக்கிறார் என்று பாருங்கள். விலகல் காதில் உறுத்தாத அளவுக்கு வந்தால் போதும்.

ஒரு சின்ன விஷயம், பலர் மிக்ஸிங்கில்தான் கவனிப்பார்கள்: பாட்டின் கடைசி சிம்பல் அடி மெல்ல அடங்கும்போது ஹெட்ஃபோனிலிருந்து கசியும் கிளிக் மைக்கில் தெளிவாகக் கேட்கும். கடைசி அடியோடு கிளிக் நின்றுவிடும்படி முன்பே அமைத்துவிடுங்கள். டிரம்மருக்கு மூடிய வகை ஹெட்ஃபோன்தான் கொடுக்க வேண்டும்.

நான்கு இன்புட் உள்ள இன்டர்ஃபேஸ்தான் (மைக்கைக் கம்ப்யூட்டரோடு இணைக்கும் பெட்டி) இருக்கிறது. நான்கு மைக்கில் டிரம்ஸ் எடுக்க முடியுமா? எடுத்துப் பார்த்தோம், சன்னமாக, தகரம் மாதிரி கேட்கிறது.
— டிரம்மர், வேலூர்

நான்கு தாராளம். கிளின் ஜான்ஸ் என்ற ஒலிப்பதிவாளர் பெயரால் வழங்கும் முறை ஒன்று இருக்கிறது. கிக்குக்கு (காலால் அடிக்கும் பெரிய டிரம்) ஒன்று, ஸ்னேருக்கு ஒன்று, மேலே இரண்டு. மேலே உள்ள முதல் மைக் ஸ்னேரின் நேர் மேலே, ஏறக்குறைய 1 மீட்டர் உயரத்தில். இரண்டாவது ஃப்ளோர் டாம் (தரையில் நிற்கும் டிரம்) பக்கம், டாமின் விளிம்புக்குச் சற்று மேலே, ஸ்னேரைத் தாண்டி ஹை-ஹேட்டை (காலால் மூடித் திறக்கும் இரட்டைச் சிம்பல்) பார்த்தபடி. இரண்டு மைக்கும் ஸ்னேரின் நடுப்புள்ளியிலிருந்து ஒரே தூரத்தில் இருக்க வேண்டும். கண்ணளவில் வைக்காதீர்கள். ஒரு நூலின் நுனியை ஸ்னேரின் நடுவில் ஒருவர் பிடித்துக்கொள்ள, மறுநுனியை முதல் மைக்கில் தொட்டு, அதே நீளத்தில் இரண்டாவதையும் தொடுங்கள்.

உங்கள் 'தகரம்' இங்கேதான் பிறக்கிறது. ஒலி 1 மில்லி விநாடிக்கு 34 சென்டிமீட்டர் போகும். ஒரு மைக் 34 சென்டிமீட்டர் தள்ளியிருந்தால் ஸ்னேர் அதில் 1 மில்லி விநாடி தாமதமாக வந்து சேரும். இரண்டையும் சமமாகக் கூட்டும்போது 500 ஹெர்ட்ஸ் பக்கம் ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும். ஸ்னேரின் கனத்தில் ஒரு பகுதி அங்கே இருக்கிறது. அது காணாமல் போனால் மிஞ்சுவது தகரம்தான்.

தூரத்தைச் சரிசெய்த பிறகு கிக் மைக்கின் போலாரிட்டி பொத்தானை (ஒலி அலையைத் தலைகீழாக்குவது) மாற்றி மாற்றிக் கேளுங்கள். எந்த நிலையில் அடி கனமாக இருக்கிறதோ அதை வைத்துக்கொள்ளுங்கள். ஸ்னேருக்கும் அப்படியே. இதற்கு ஐந்து நிமிடம் போதும். விட்டுவிட்டால் மிக்ஸிங்கில் எத்தனை ஈக்யூ போட்டாலும் சரிவராது.

லெவல் பற்றி: 24 பிட்டில் பதிவு செய்யும்போது மீட்டரின் உச்சியைத் தொட வேண்டிய அவசியமே இல்லை. மிகப் பலமான அடி மைனஸ் 10 டெசிபெலைத் தொட்டால் போதும். சோதனையின்போது டிரம்மர் அடக்கமாக அடிப்பார், டேக்கில் ரத்தம் சூடேறி இன்னும் பலமாக அடிப்பார். அதற்கு இடம் விட்டு வையுங்கள். அளவு மீறி உடைந்த, அதாவது கிளிப் ஆன, ஸ்னேரைச் சரிசெய்ய வழியில்லை.

டிரம்ஸின் தோல்களைப் பதிவுக்கு முந்தின நாள் மாற்றுங்கள், அன்றைக்கே மாற்றினால் மணிக்கொரு முறை இறங்கும். கிக் பெடல் கிறீச்சிட்டால் ஒரு சொட்டு எண்ணெய். ஸ்னேரில் வளையம் வளையமாக ஒலி நீண்டால் மடித்த கைக்குட்டையை ஓரத்தில் டேப் போட்டு ஒட்டுங்கள்.

கிடாரில் 'உம்ம்ம்' என்ற சத்தம். ஆம்பைக் குறைத்தாலும் போவதில்லை.
— கிடாரிஸ்ட், திருநெல்வேலி

ஆம்பில் வால்யூமை முழுக்கக் குறையுங்கள். அப்போதும் கேட்டால் ஆம்பிலோ மின்சாரத்திலோ கோளாறு. குறைந்துவிட்டால் கிடார் அல்லது கேபிள். கிடாரைப் பிடித்தபடி மெல்லச் சுற்றிப் பாருங்கள். ஒரு திசையில் சத்தம் குறைந்தால் சிங்கிள் காயில் பிக்கப் (தந்தியின் அதிர்வைப் பிடிக்கும் ஒற்றைக் கம்பிச்சுருள்) அருகிலுள்ள டிரான்ஸ்ஃபார்மரையோ கம்ப்யூட்டரையோ பிடிக்கிறது. அந்தத் திசையிலேயே நின்று வாசியுங்கள், அதற்கு வைத்தியம் அவ்வளவுதான். தந்தியைத் தொட்டால் சத்தம் நிற்கிறது, விட்டால் வருகிறது என்றால் எர்த் சரியில்லை, அல்லது கிடாருக்குள் ஷீல்டிங் இல்லை.

நம் ஊருக்கே உரிய வில்லன் ஒருவன் உண்டு: இன்வெர்ட்டர். விலை குறைந்த இன்வெர்ட்டர் தரும் மின்சாரம் சீரான அலையாக இருக்காது. ஆம்ப் அதை 'ஜிர்ர்' என்று காட்டிக்கொடுத்துவிடும். கரண்ட் போனால் டேக்கை நிறுத்திவிட்டு டீ குடியுங்கள். கம்ப்யூட்டருக்கு மட்டும் யூ.பி.எஸ். போதும். விசிறியின் ரெகுலேட்டரும் விளக்கு டிம்மரும் இதே வேலையைச் செய்யும்.

சத்தம் போகிறதே என்று பிளக்கின் எர்த் பின்னை உடைப்பவர்கள் உண்டு. வேண்டவே வேண்டாம். மைக்கில் உதடும் கிடாரில் கையும் ஒரே நேரத்தில் இருக்கும்போது உயிரே போகலாம். கிடாரை நேராக மிக்ஸரில் இணைக்கும் டி.ஐ. பெட்டியில் உள்ள கிரவுண்ட் லிஃப்ட் பொத்தானுக்கு அந்த ஆபத்து இல்லை, அதைப் பயன்படுத்துங்கள்.

ஒரே கிடார் பதிவை காப்பி செய்து இடம் வலம் வைத்தால் அகலமாகக் கேட்காதா?
— பேஸ் கிடாரிஸ்ட், சேலம்

கேட்காது. இரண்டு பக்கமும் ஒரே ஒலி வந்தால் காது அதை நடுவில்தான் வைக்கும். இரண்டாம் முறை வாசித்தே ஆக வேண்டும். அப்படி வாசிக்கும்போது டிஸ்டார்ஷனை மேடையில் வைப்பதில் மூன்றில் இரண்டு பங்காகக் குறையுங்கள். இரண்டு கிடார் சேரும்போது அது தானாகவே கூடிவிடும். டியூனிங்கை ஒவ்வொரு டேக்குக்கும் முன்னால் பாருங்கள், பாட்டில் எவ்வளவு பலமாக மீட்டுவீர்களோ அதே பலத்தில் மீட்டி.

ஆங்கிலத்தில் எழுதினால் பல்லவி நன்றாக உட்காருகிறது. தமிழில் எழுதினால் ஏதோ டப்பிங் பாட்டு மாதிரி இருக்கிறது. ராக் தமிழுக்கு ஒத்துவராதா?
— பாடகர், புதுச்சேரி

ஒத்துவரும். மெட்டை ஆங்கில உளறலில் போட்டுவிட்டு அதன் மேல் தமிழை ஒட்டுகிறீர்கள், அதனால்தான் டப்பிங் மாதிரி ஆகிறது. ஆங்கிலத்தில் எந்த அசையை நீட்டினாலும் பொருள் பெரிதாக மாறாது. தமிழில் நீளம்தான் பொருள். 'விடு' என்பதன் முதலெழுத்தை நீட்டினால் 'வீடு'. 'எடு' 'ஏடு' ஆகும், 'கொடு' 'கோடு' ஆகும், 'படு' 'பாடு' ஆகும். "என் கையை விடு" என்று பல்லவி எழுதி 'வி'யில் இரண்டு பார் இழுத்தால், கேட்பவருக்கு நீங்கள் கையை வீட்டோடு சேர்த்தது போலத்தான் இருக்கும்.

இன்னொரு கண்ணி குற்றியலுகரம். 'காற்று', 'நெருப்பு' போன்ற சொற்களின் கடைசி 'உ' அரை மாத்திரைதான். ராக் பல்லவியில் வரியின் கடைசி அசையைத்தான் வானத்துக்கு ஏற்றுவீர்கள். அங்கே 'நெருப்பு' வந்தால் "நெருப்பூஊஊ" என்று ஊளையிட வேண்டி வரும். அதே இடத்தில் 'நெருப்பே' என்று விளித்தால் நெடில் கிடைத்துவிடுகிறது. 'தீ' இன்னும் லேசு, ஓரெழுத்து, ஈற்றில் நெடில், எவ்வளவு இழுத்தாலும் தாங்கும். வரி முடிவில் ஆ, ஏ, ஓ வைத்தால் வாய் திறக்கும், குரல் முழுதாக வெளியே வரும். ம், ன், ல் என்று முடிந்தால் மெய்யெழுத்தை முனகிக்கொண்டே மெல்ல அடங்கலாம்.

நம் மொழி தரும் வசதியும் உண்டு. வல்லினம் இரட்டிக்கும் சொற்களில், 'வெட்டு', 'தட்டு', 'அப்புறம்' போன்றவற்றில், காற்று ஒரு கணம் நின்று வெடிக்கும். உள்ளங்கையால் தந்தியை அமுக்கி வாசிக்கும் ரிஃபுக்கு நடுவில் இப்படிப்பட்ட சொற்களைப் போட்டால் குரலே ஒரு தாளவாத்தியம் ஆகிவிடும். ஆகவே வேலை முறையை மாற்றுங்கள்: முதலில் வரியைப் பேசுங்கள், பேசும் தாளத்தைச் செல்போனில் பிடியுங்கள், அதற்கு மெட்டுப் போடுங்கள்.

பதிவின்போது மைக்கிலிருந்து ஒரு சாண் தள்ளி நில்லுங்கள், நடுவில் பாப் ஃபில்டர் இருக்கட்டும். 'ப'வில் தொடங்கும் சொற்கள் தமிழில் ஏராளம், அத்தனையும் மைக்கில் 'டப்' என்று விழும். மைக்கை நேராக வைக்காமல் வாயின் ஓரத்தைப் பார்த்துச் சற்றுத் திருப்பினால் பாதி குறையும்.

ஸ்டூடியோவில் பேஸ் அதிர்கிறது. செல்போனில் கேட்டால் பேஸ் கிடாரே இல்லை.
— பேஸ் கிடாரிஸ்ட், சென்னை

பேஸின் கடைசித் தந்தி 41 ஹெர்ட்ஸ். செல்போன் ஸ்பீக்கருக்கு அது எட்டாத பள்ளம். அங்கே கேட்பது அந்தச் சுரத்தின் மேல் மடங்குகள்தான். அதனால் பேஸ் ட்ராக்கை இரண்டாகப் பிரதி எடுங்கள். ஒன்றில் 200 ஹெர்ட்ஸுக்கு மேலே வெட்டிவிட்டுச் சுத்தமாக வையுங்கள். மற்றதில் அதற்குக் கீழே வெட்டிவிட்டு டிஸ்டார்ஷன் ஏற்றுங்கள். தனியாகக் கேட்டால் கேவலமாக உறுமும், கிடாரோடு சேர்ந்தால் உறுமல் தெரியாது, சுரம் தெரியும். கிடார்களில் 80 அல்லது 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை வெட்டுங்கள். கிடாரிஸ்ட் கோபித்துக்கொள்வார், பரவாயில்லை.

மாஸ்டரிங்கில் (வெளியீட்டுக்கு முன் செய்யும் கடைசி ஒலிச் சீரமைப்பு) எவ்வளவு சத்தம் வைக்க வேண்டும்? மைனஸ் 14 என்கிறார்களே?
— கீபோர்டு வாசிப்பவர், திருச்சி

ஸ்பாட்டிஃபை எல்லாப் பாட்டையும் சராசரி மைனஸ் 14 எல்.யு.எஃப்.எஸ். (காதுக்குக் கேட்கும் சத்தத்தின் அலகு) அளவுக்குக் கொண்டுவருகிறது. ஆப்பிள் மைனஸ் 16. நீங்கள் மைனஸ் 7இல் நசுக்கிக் கொடுத்தால் அவர்கள் 7 டெசிபெல் குறைத்துவிடுவார்கள், நசுங்கியது மட்டும் நசுங்கியபடியே இருக்கும். அதற்காகச் சரியாக 14 என்று அளந்து கொடுக்கவும் வேண்டாம். ராக் பாட்டுக்குக் கொஞ்சம் நெருக்கம் அழகு, மைனஸ் 9, 10 பக்கம் தாராளமாக வைக்கலாம். ட்ரூ பீக் (ஒலி அலையின் உண்மையான உச்சம்) மட்டும் மைனஸ் 1ஐத் தாண்டாமல் இருக்கட்டும், நெருக்கமாக வைத்தால் மைனஸ் 2 இன்னும் பாதுகாப்பு. தாண்டினால் எம்.பி.3 போன்ற சுருக்கிய வடிவத்துக்கு மாறும்போது சிம்பல்கள் பொரியும்.

பாட்டு ரெடி. அடுத்த வெள்ளிக்கிழமை வெளியிடலாம் என்றிருக்கிறோம். என்னென்ன வேண்டும்?
— டிரம்மர், கோலாலம்பூர்

முதலில் வெள்ளிக்கிழமையை நான்கு வாரம் தள்ளிப்போடுங்கள். டிஸ்ட்ரோகிட், டியூன்கோர், சிடி பேபி என எந்த விநியோகஸ்தர் வழியாக அனுப்பினாலும் பாட்டு எல்லாத் தளங்களுக்கும் போய்ச் சேர நாளாகும், தவறு கண்டுபிடித்தால் திருத்த இன்னும் நாளாகும். ஸ்பாட்டிஃபையின் பட்டியல் ஆசிரியர்களுக்கு ஒரு பாட்டைப் பரிந்துரைக்கும் வசதி வெளியாகாத பாட்டுக்கு மட்டும்தான் உண்டு. வெளியீட்டுக்கு 7 நாளுக்கு முன்பாவது செய்தால்தான் உங்களைப் பின்தொடர்பவர்களின் வாராந்திரப் பட்டியலில் அது உறுதியாக வரும்.

கையில் இருக்க வேண்டியவை: ஒவ்வொரு பாட்டுக்கும் 24 அல்லது 16 பிட் வேவ் கோப்பு (எம்.பி.3 அல்ல), ஒவ்வொன்றுக்கும் ஐ.எஸ்.ஆர்.சி. என்ற 12 எழுத்து அடையாளம், தொகுப்புக்கு ஒரு யூ.பி.சி. எண், 3000க்கு 3000 பிக்சல் அட்டைப்படம். எண்களை விநியோகஸ்தரே கொடுப்பார். ஐ.எஸ்.ஆர்.சி.யை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். நாளை வேறு விநியோகஸ்தரிடம் மாறினால் அதே எண்ணைக் கொடுக்க வேண்டும், புதிய எண் கொடுத்தால் இதுவரை கேட்டவர்கள் எண்ணிக்கை பூஜ்யத்திலிருந்து தொடங்கலாம். ரீமிக்ஸ் செய்தால் அது வேறு பதிவு, அதற்குப் புது எண்.

அதிகம் தவறு நடப்பது பெயரில். முதல் பாட்டில் பேண்டின் பெயர் தமிழ் எழுத்தில், இரண்டாவதில் ஆங்கில எழுத்தில், மூன்றாவதில் ஓர் எழுத்துக் கூட. மூன்று தனித்தனிக் கலைஞர் பக்கம் உருவாகும். ஒரே எழுத்துக்கூட்டலை ஒரு தாளில் எழுதி ஒட்டிவிடுங்கள், யார் எங்கே ஏற்றினாலும் அதைப் பார்த்தே ஏற்றட்டும். அதே பெயரில் வேறு நாட்டில் பேண்டு இருந்தால் உங்கள் பாட்டு அவர்கள் பக்கத்தில் போய் உட்காரும். பெயர் வைக்கும்போதே தேடிப் பார்ப்பது நல்லது.

அட்டைப்படத்தை அனுப்புமுன் செல்போனில் கட்டைவிரல் நகம் அளவுக்குச் சுருக்கிப் பாருங்கள். தமிழெழுத்தில் முதலில் காணாமல் போவது புள்ளி. புள்ளி போனால் பெயரே வேறாகிவிடும். படத்தில் இணையதள முகவரி, விலை, வேறு நிறுவனச் சின்னம் இருந்தால் திருப்பி அனுப்புவார்கள். பாட்டின் பெயரை யூனிகோடில் தட்டச்சுங்கள், பழைய எழுத்துருக்களில் அடித்ததை ஒட்டினால் குப்பையாக வரும்.

வருமானத்தைப் பற்றிக் கனவு வேண்டாம். 2024 முதல், கடந்த 12 மாதத்தில் 1000 முறையாவது கேட்கப்படாத பாட்டுக்கு ஸ்பாட்டிஃபை காசு தருவதில்லை. பேண்ட்கேம்ப் தளத்தில் நேரடியாக விற்றால் டிஜிட்டல் விற்பனையில் 15 சதவீதம் எடுத்துக்கொள்வார்கள், பணம் அனுப்பும் கட்டணம் தனி. முதல் ரசிகர்கள் ஐம்பது பேர் என்றால் அதுதான் லாபம்.

காசு கொடுத்தால் பத்தாயிரம் ஸ்ட்ரீம் தருகிறோம் என்று ஒருவர் மெசேஜ் அனுப்புகிறார்.
— பாடகர், ஈரோடு

பிளாக் செய்யுங்கள். போலி ஸ்ட்ரீம் பிடிபட்டால் ஸ்பாட்டிஃபை விநியோகஸ்தருக்கு அபராதம் போடும், அவர் அதை உங்கள் தலையில் கட்டுவார் அல்லது பாட்டையே இறக்கிவிடுவார்.

ரெக்கார்டிங் செலவு முழுவதும் எங்கள் ரிதம் கிடாரிஸ்ட் போட்டார். இப்போது பேண்டை விட்டுப் போகிறேன், பாட்டெல்லாம் என்னுடையது என்கிறார். சட்டம் என்ன சொல்கிறது?
— பெயர் வேண்டாம், சென்னை

ஒரு பாட்டில் மூன்று சொத்து இருக்கிறது: வரி, மெட்டு, பதிவு. வரி எழுதினவருக்கு, மெட்டு போட்டவருக்கு, அவரவர் உரிமை. செலவு செய்ததால் அவை கைமாறாது. பதிவு மட்டும் வேறு. 1957 பதிப்புரிமைச் சட்டப்படி ஒலிப்பதிவுக்கு உரியவர் 'தயாரிப்பாளர்', அதாவது பதிவைச் செய்ய முன்முயற்சியும் பொறுப்பும் எடுத்தவர். முழுச் செலவும் அவருடையது, ஸ்டூடியோ ரசீதும் அவர் பெயரில் என்றால் பதிவைப் பொறுத்தவரை அவர் பேச்சில் கொஞ்சம் நியாயம் இருக்கிறது. வழக்கறிஞரிடம் போவதற்கு முன், போட்ட காசைத் திருப்பிக் கொடுத்து எழுதி வாங்க முடியுமா என்று பாருங்கள்.

நிர்வாணாவின் முதல் ஆல்பத்துக்கு 1989இல் ஸ்டூடியோ பில் 606 டாலர் 17 சென்ட். கொடுத்தவர் ஜேசன் எவர்மேன். ஒரு சுரம்கூட அந்த ஆல்பத்தில் அவர் வாசிக்கவில்லை, ஆனால் உறையில் கிடாரிஸ்ட் என்று அவர் பெயர் இருக்கிறது. நன்றியைப் பெயராகக் காட்டுவது ஒரு வழி. ஆனால் பெயர் போடுவது வேறு, உரிமை கொடுப்பது வேறு.

மற்ற பேண்டுகளுக்கு: பதிவுக்கு முன்பே ஒரு தாள் எழுதுங்கள். ஒவ்வொரு பாட்டுக்கும் வரி யார், மெட்டு யார், எத்தனை சதவீதம், மொத்தம் 100 வருகிறதா, பதிவின் உரிமை யாருக்கு, விலகுபவர் எதை எடுத்துப் போகலாம். எல்லோரும் கையெழுத்துப் போட்டு, ஆளுக்கு ஒரு நகல். வரியும் மெட்டும் எழுதியவர்கள் தங்களுக்கான ராயல்டியை வசூலிக்கும் ஐ.பி.ஆர்.எஸ். அமைப்பில் உறுப்பினராகும்போது இந்தச் சதவீதத்தைத்தான் கேட்பார்கள்.

எந்த லேபிளாவது உரிமையை எழுதிக் கேட்டால், காலமும் எல்லையும் குறிப்பிட்டிருக்கிறதா என்று பாருங்கள். காலம் எழுதப்படாவிட்டால் சட்டம் அதை ஐந்து ஆண்டு என்று எடுத்துக்கொள்ளும், எல்லை எழுதப்படாவிட்டால் இந்தியா மட்டும். "நிரந்தரமாக, உலகம் முழுவதும்" என்ற சொற்களை அவர்கள் மறக்காமல் எழுதுவது அதனால்தான்.

பழைய சினிமாப் பாட்டு ஒன்றை ராக்காக மாற்றி ஈ.பி.யில் (நாலைந்து பாட்டுள்ள சிறு தொகுப்பு) சேர்க்கலாமா?
— கிடாரிஸ்ட், தஞ்சாவூர்

வரிக்கும் மெட்டுக்கும் உரிமை வைத்திருப்பவரிடம், பெரும்பாலும் ஏதோ ஓர் ஆடியோ நிறுவனம், எழுத்து மூலம் அனுமதி வாங்கினால் சேர்க்கலாம். "ஐந்து வருஷம் ஆனால் யாரும் பாடலாம்" என்று காதில் விழுந்திருக்கும். சட்டத்தின் 31சி பிரிவைத்தான் சொல்கிறார்கள். அதில் முன்கூட்டியே அறிவிப்பும், பாட்டுக்கு ஆண்டுக்குக் குறைந்தது 50,000 பிரதிகளுக்கான ராயல்டியும் கேட்பார்கள் என்பதைச் சொல்ல மறந்துவிடுகிறார்கள். முதல் ரெக்கார்டில் சொந்தப் பாட்டே இருக்கட்டும்.

வினைல் போட ஆசை. ஐந்து பாட்டு, மொத்தம் 24 நிமிடம்.
— பாடகி, யாழ்ப்பாணம்

பன்னிரண்டு அங்குலத் தட்டில் பக்கத்துக்கு 12 நிமிடம் என்பது நல்ல அளவு, நிமிடத்துக்கு 45 சுழற்சியில்கூட வெட்டலாம். 33⅓ சுழற்சியில் பக்கத்துக்கு 20 நிமிடம் தாண்டினால் தட்டின் பள்ளங்கள் நெருங்கி, சத்தத்தைக் குறைக்க வேண்டி வரும்.

பாட்டு வரிசையை இங்கே வேறு மாதிரி யோசியுங்கள். ஊசி உள்ளே போகப் போக ஒரு சுற்றின் நீளம் குறைகிறது. 33⅓ சுழற்சியில் தட்டின் விளிம்பில் விநாடிக்கு 51 சென்டிமீட்டர் ஓடும் பள்ளம், லேபிள் பக்கத்தில் 21 சென்டிமீட்டர்தான் ஓடும். அதே தகவலை அங்கே பாதிக்கும் குறைவான இடத்தில் திணிக்க வேண்டும். சிம்பலும் 'ஸ்', 'ஷ்' ஓசையும் அங்கேதான் கரகரக்கும். ஆகவே பக்கத்தின் கடைசியில் அமைதியான பாட்டு, முதலில் ஆர்ப்பாட்டமான பாட்டு.

வினைலுக்குத் தனி மாஸ்டர் வேண்டும். தாழ்ந்த ஒலிகள் நடுவில் இருக்கட்டும், இடம் வலமாக விரிந்த பேஸ் ஊசியைத் துள்ள வைக்கும். ஆலையிலிருந்து முதலில் சோதனைத் தட்டு வரும். அதை இரண்டு வேறு பிளேயரில் கேளுங்கள். 'டிக்' சத்தம் எல்லாப் பிரதியிலும் ஒரே இடத்தில் வந்தால் அச்சில் கோளாறு, ஆலையிடம் சொல்லுங்கள். ஒரு பிரதியில் மட்டும் வந்தால் தூசு. சோதனைத் தட்டு கைக்கு வந்து கேட்டு முடிக்கும் வரை வெளியீட்டுத் தேதியை யாருக்கும் சொல்லாதீர்கள். மாதக்கணக்கில் தள்ளிப்போவது சகஜம்.

பதிவு முடிந்ததும் ஸ்டூடியோவிலிருந்து என்னென்ன கேட்டு வாங்க வேண்டும்?
— கீபோர்டு வாசிப்பவர், நாகர்கோவில்

மாஸ்டரை மட்டும் வாங்கிக்கொண்டு வந்துவிடாதீர்கள். முதலில், ஒவ்வொரு ட்ராக்கும் பாட்டின் தொடக்கப் புள்ளியிலிருந்து தொடங்கும் தனித்தனி வேவ் கோப்புகள். பாதியில் தொடங்கும் கிடார் சோலோவாக இருந்தாலும் முன்னால் மௌனத்தோடு பூஜ்யத்திலிருந்தே வர வேண்டும், இல்லாவிட்டால் வேறு கம்ப்யூட்டரில் எதை எங்கே வைப்பது என்று தெரியாது. பிறகு டெம்போ விவரம், மாஸ்டரிங்குக்கு முந்தைய மிக்ஸ், குரல் இல்லாத மிக்ஸ். கடைசியாகச் சொன்னது மேடையிலும் வீடியோவிலும் பத்து முறையாவது தேவைப்படும்.

48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட்டில் ஒரு மோனோ ட்ராக் நிமிடத்துக்கு 8.6 எம்.பி. பன்னிரண்டு ட்ராக், நான்கு நிமிடப் பாட்டு என்றால் டேக்குக்கு 415 எம்.பி. நான்கு பாட்டு, ஐந்தைந்து டேக் என்றாலும் 10 ஜி.பி.க்குள் அடங்கும், பழைய பென் டிரைவே போதும். ஆனால் பென் டிரைவ் ஒன்றில் மட்டும் வைக்காதீர்கள். இரண்டு ஹார்ட் டிஸ்க், இரண்டு வேறு வீடு. கோப்பின் பெயரில் பாட்டு, டெம்போ, தேதி மூன்றும் இருக்கட்டும். 'ஃபைனல்_புதுசு_2' என்று எதற்கும் பெயர் வைக்காதீர்கள்.